அரை வரிக்காரி

கோவில்பட்டி
14.10.1985

இயேசு மரி சூசை

தங்கை சந்தனமேரிக்கு மிக்கேலம்மாள் எழுதுவது. முழங்கால் வலியைத் தவிர எனக்குக் குறையொன்றும் இல்லை. உன் உடம்பும் கொழுந்தனார் கிறிஸ்துராஜ் உடம்பும் எப்படி இருக்கின்றன? மணியாச்சியில் இருக்கும் உன் மகளுக்கு மசக்கை தெளிந்ததா?

உன் கடிதம் வந்தது. வழக்கம்போல் தேதி இல்லை. அதை மன்னித்தாலும் இன்னொன்றை மன்னிக்க முடியவில்லை. "இங்கே பெண்களுக்கு ஒரு சங்கடம் வந்திருக்கிறது, எழுதக் கூச்சமாக இருக்கிறது" என்று ஒரு வரி. அடுத்த வரியில் மிளகாய் நாற்று. என்ன சங்கடம் என்று தெரியாமல் நான் இரண்டு நாளாக வீட்டுக்குள் நடந்துகொண்டிருக்கிறேன். ஒன்று, முழுதாக எழுது. இல்லையென்றால் ஆரம்பிக்காதே.

உன் வீட்டுக்காரரின் அண்ணன், என் கணவர், இறந்து நான் சூசைபட்டியை விட்டு வந்து வருஷங்கள் ஆகிவிட்டன. ஆனாலும் என் ஓட்டு அங்கேதான் இருக்கிறது, என் வீட்டுச் சாவி உன்னிடம்தான் இருக்கிறது. எனக்குச் சொல்லக்கூடாதது என்ன?

அன்புடன்,
அக்கா மிக்கேலம்மாள்


சூசைபட்டி
சகல ஆத்துமாக்கள் திருநாளுக்கு மறுநாள்

அன்புள்ள அக்காவுக்கு சந்தனமேரி வணக்கம் சொல்லி எழுதிக்கொண்டது. நாங்கள் இங்கே சுகம். கால்வலிக்குப் பிரண்டைத் துவையல் அரைத்துச் சாப்பிடுங்கள். மகளுக்கு வாந்தி நின்றுவிட்டது. கல்லறைக்குப் போய் அத்தானுக்கு மெழுகுவர்த்தி ஏற்றினேன். மழையில் கரிசல் மண் காலைப் பிடித்துக்கொண்டது, செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டுதான் திரும்பினேன். பஸ் வராததால் கடிதம் பிந்திவிட்டது.

அக்கா, நீங்கள் கேட்டதால் எழுதுகிறேன். படித்துவிட்டுக் கிழித்துவிடுங்கள். கோயில் தெருவுக்கும் கீழத்தெருவுக்கும் நடுவில் இருக்கிற உடங்காட்டைக் கரிமூட்டம் போடுகிறவர்களுக்கு ஏலம் விடப்போகிறார்களாம். தை பிறந்ததும் வெட்டு. அந்த முள்காடு போய்விட்டால் நாங்கள் எங்கே ஒதுங்குவது? நம் தெருப் பெண்களும் கீழத்தெருப் பெண்களும் விடியுமுன் போவது அங்கேதான். தீப்பெட்டி ஆபீஸ் வேலைக்கு ஏற்றிப்போகிற வேன் கருக்கலிலேயே வந்துவிடுகிறது, பிள்ளைகள் அதற்கு முன்னால் போய்விட்டு வரவேண்டும். இனிமேல் வெட்டவெளி.

ஆம்பிளைகளிடம் இதை எப்படிச் சொல்வது? நான் வீட்டில் இவர்களிடம் ஜாடையாகச் சொன்னேன். "அதுக்கு என்னத்துக்கு இப்பம்? ஓடைப் பக்கம் போங்க" என்றார்கள். ஓடைக்கரையில்தான் சாராயம் விற்கிறார்கள். கீழத்தெரு வெயிலுகந்தம்மாள் சிரிக்கிறாள். "அவியளுக்கு உடம்பே கெடையாது பாத்துக்க" என்கிறாள்.

இப்படிக்கு,
சந்தனமேரி


கோவில்பட்டி
8.11.1985

சந்தனமேரிக்கு,

பிரண்டை அரைத்தேன், நாக்குத்தான் அரித்தது. இங்கே வீட்டுக்குள்ளேயே அந்த வசதி இருக்கிற நான் உனக்கு ஆறுதல் சொல்வது அழகில்லை. அதனால் ஆறுதல் சொல்லவில்லை.

உள்ளாட்சித் தேர்தல் வரப்போவதாகப் பத்திரிகையில் போட்டிருக்கிறது. ஏலம் விடுகிறது பஞ்சாயத்து. நிறுத்துவதும் பஞ்சாயத்துத்தான். உங்கள் இரண்டு தெருவும் ஒரே வார்டு. நீ நில்.

இதைப் படித்ததும் உன் கை நெஞ்சுக்குப் போயிருக்கும். உனக்குத் தோன்றுவதையெல்லாம் நானே எழுதுகிறேன். நாம் சிறு கூட்டம், கீழத்தெரு பெரியது. கிறிஸ்தவப் பெண் ஓட்டுக் கேட்டுப் போனால் வேதத்துக்கு ஆள் பிடிக்க வந்ததாகச் சொல்வார்கள். ஊர்க்கூட்டம் ஒத்துக்கொள்ளாது. எல்லாம் உண்மைதான். ஆனால் ஊர்க்கூட்டம் என்ன என்பது எனக்குத் தெரியாதா? தலைக்கட்டுக்கு, அதாவது வீட்டுக்கு, ஓர் ஆண் உட்காருவார். அவர் இறந்த வருஷமே திருவிழாவுக்கு என் வரியை அரை வரியாக்கினார்கள். நான் முழு வரி அனுப்பினேன், பாதியைத் திருப்பி அனுப்பினார்கள். இரக்கத்தினால் அல்ல. முழு வரி வாங்கினால் கூட்டத்தில் பேச இடம் தரவேண்டும், அதனால். ஊரில் இருக்கிற விதவைகளெல்லாம் அரை வரிக்காரிகள். கீழத்தெருவிலும் அவர்கள் கோயில் கொடை விழாவுக்கு அதே அரை வரிதான்.

ஓட்டுச் சீட்டில் அரை ஓட்டு என்று ஒன்று கிடையாது. அதை யோசி.

நீ எட்டாவது தேறியவள். கணக்குப் பார்க்கத் தெரியும். கணவர் இருக்கிறார், மதிப்பான குடும்பம். முதலில் நிற்கிறவள் அப்படி இருக்கவேண்டும். வெள்ளைப் புடவைக்காரி வாசலில் வந்து நின்றால் யாரும் ஓட்டுப் போடமாட்டார்கள், அது எனக்குத் தெரியும். அதனால்தான் உன்னைச் சொல்கிறேன்.

மிக்கேலம்மாள்


கோவில்பட்டி
2.12.1985

சந்தனமேரிக்கு,

பதில் இல்லை. சுகமில்லையா, சம்மதமில்லையா? எதுவானாலும் ஒரு கார்டில் அடங்கும்.

மிக்கேலம்மாள்


சூசைபட்டி
கிறிஸ்மஸுக்கு முந்தின வியாழன்

அன்புள்ள அக்கா, கோபப்படாதீர்கள். உடம்புக்கு ஒன்றுமில்லை. உளுந்து எடுக்கிற வேலை.

உங்கள் கடிதத்தை உடங்காட்டில் வைத்துப் பெண்களுக்குச் சொன்னேன். வேறு எங்கே எல்லாரும் ஒன்றாக இருக்கிறோம்? கீழத்தெரு செண்பகவல்லி, "நீ நின்னா உங்க சாமிக்குத்தான் செய்வ" என்றாள். உடனே வெயிலுகந்தம்மாள், "ஏட்டி, இவ சாமியும் நம்ம சாமியும் இங்கன வந்தா குத்தவைக்குது? இது நம்ம சோலி" என்றாள். அத்தனை பேரும் சிரித்துவிட்டார்கள். சிரித்து முடிந்ததும் யாரும் எழுந்து போகவில்லை.

வீட்டில் இவர்களிடம் இன்னும் சொல்லவில்லை. சொல்லும் நேரமாகப் பார்த்து கீழத்தெரு இசக்கியப்பன் அண்ணாச்சி வீட்டுக்கு வந்துவிடுகிறார். அவர் தலைவர் பதவிக்கு நிற்கிறாராம். என்ன பேசிக்கொள்கிறார்கள் என்று தெரியவில்லை. நான் காப்பி கொண்டுபோனால் பருத்தி விலையைப் பேசுகிறார்கள்.

அக்கா, மனு எங்கே கொடுப்பது?

சந்தனமேரி


கோவில்பட்டி
30.12.1985

சந்தனமேரிக்குப் புத்தாண்டு ஆசீர்வாதம்.

மனு கொடுப்பது இங்கே யூனியன் ஆபீஸில். விசாரித்துவிட்டேன். முன்மொழிய ஒருவர் வேண்டும், வெயிலுகந்தம்மாளை அழைத்து வா. அவள் கீழத்தெருக்காரி என்பதால் அவள்தான் சரி. உன் மனுவில் ஏதாவது குற்றம் கண்டுபிடித்துத் தள்ளிவிட்டால் என்ன செய்வது? அதற்கு மாற்று ஆளாக ஒருவர் மனுப் போட்டு வைக்கவேண்டும். உன் மனு தேறியதும் மாற்று ஆள் வாபஸ் வாங்கிவிடலாம். வேறு ஆள் தேட நேரமில்லை, பெயருக்கு நானே கையெழுத்துப் போடுகிறேன்.

கிறிஸ்துராஜ் தம்பியிடம் சொல்லிவிட்டு வா. திருட்டுத்தனமாக எதுவும் வேண்டாம். தலையில் எண்ணெய் வழியாமல் வா. மேஜை முன்னால் நிற்கும்போது புடவை நுனியைத் திருகாதே.

மிக்கேலம்மாள்


சூசைபட்டி
பொங்கலுக்கு அடுத்த திங்கள்

அன்புள்ள அக்கா, வீடு வந்து சேர்ந்தோம். வெயிலுகந்தம்மாள் பஸ்ஸிலேயே தூங்கிவிட்டாள். கட்டைவிரல் மையைத் துடைக்காமல் வந்து தெருவெல்லாம் காட்டிக்கொண்டிருக்கிறாள்.

அந்த அதிகாரி எவ்வளவு பொறுமையாகச் சொன்னார் பார்த்தீர்களா? வாபஸ் வாங்குவதானால் அவரவர் தனித்தனியாக எழுதித் தரவேண்டும், ஒருவருக்காக இன்னொருவர் பெயர் போகாது என்று இரண்டு தரம் சொன்னாரே. நான் அதை மறக்கவில்லை.

இவர்களிடம் சொன்னேன். துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு வெளியே போய்விட்டார்கள். அதுதான் பயமாக இருக்கிறது. வாபஸ் வாங்குகிற கடைசி நாளில் நான் கோவில்பட்டி வருகிறேன், நாம் இரண்டு பேருமாகப் போய் உங்கள் மனுவை எடுத்துவிடலாம். நான் வராமல் நீங்கள் தனியாகப் போகவேண்டாம், முழங்காலோடு அந்தப் படியில் ஏறமுடியாது.

சந்தனமேரி


கோவில்பட்டி
3.2.1986

சந்தனமேரி,

சுகம் விசாரிக்கிற நிலையில் நான் இல்லை.

காலையிலிருந்து உடுத்தி, குடையோடு நாற்காலியில் உட்கார்ந்திருந்தேன். நீ வரவில்லை. மூன்று மணி அடித்தது, நேரம் முடிந்தது. சாயங்காலம் என்னிடம் டியூஷன் படிக்கிற பிள்ளையின் தகப்பனார் வந்து, "அம்மா, உங்க பேரு போர்டுல ஒட்டியிருக்கு" என்றார். போய்ப் பார்த்தேன். உங்கள் வார்டில் இரண்டு பேர். ஒன்று கிறிஸ்துராஜ். இன்னொன்று நான். உன் பெயர் இல்லை.

கட்டின புருஷனுக்காக விட்டுக்கொடுத்தாய், அது உன் பாடு. என்னை ஏன் காக்க வைத்தாய்? கொழுந்தனாருக்கு எதிராகப் போட்டி போடுகிறவள் என்று இந்த வயதில் எனக்கு ஒரு பெயரா? முழங்கால் மடங்காத ஒரு விதவை யார் வீட்டு வாசலில் போய் நிற்பது? அவர்கள் கதவைச் சாத்தினால் அந்தச் சத்தத்தைக் கேட்டுக்கொண்டு திரும்பி நடப்பது யார்?

உடனே பதில் வேண்டும்.

மிக்கேலம்மாள்


சூசைபட்டி
5.2.86

அன்புள்ள மதினிக்கு கிறிஸ்துராஜ் எழுதியது. சுகம், சுகத்துக்கு எழுதவும். உங்கள் கடிதம் சந்தனமேரி பேருக்கு வந்ததை நான் பிரித்துப் படிக்க நேர்ந்தது.

ஊரில் ஒருமனதாகப் பேசி முடித்த காரியம் இது. தலைவர் பதவி கீழத்தெருவுக்கு, இந்த வார்டு நம் தெருவுக்கு. சிறு கூட்டமாக இருக்கிற நாம் அனுசரித்துப் போனால்தான் பிழைப்பு. உங்கள் பெயர் தவறுதலாக இருந்துவிட்டது. இனி நீக்க முடியாது என்கிறார்கள். பரவாயில்லை. நீங்கள் ஓட்டுக் கேட்டு வரவேண்டாம், பேசாமல் இருந்தால் போதும். அண்ணன் இருந்தால் இதைத்தான் சொல்லியிருப்பார்.

சந்தனமேரியை மகள் வீட்டுக்கு அனுப்பியிருக்கிறேன். பிள்ளைப்பேறு வரை அங்கேதான் இருப்பாள்.

இப்படிக்குத் தம்பி,
கிறிஸ்துராஜ்


மணியாச்சி, ரயில்வே குவார்ட்டர்ஸ்
விபூதிப் புதனுக்கு முந்தின நாள்

அன்புள்ள அக்கா, நீங்கள் எழுதிய கடிதத்தை ஊரில் வைத்தே இவர்கள் வாசித்துக் காட்டினார்கள். என் கையில் தரவில்லை. இங்கே யாரும் என் கடிதத்தைப் பிரிப்பதில்லை, அதனால் எல்லாம் எழுதுகிறேன். மகள் சுகமாக இருக்கிறாள். கால் மட்டும் வீங்கியிருக்கிறது.

ஞாயிறு பூசை முடிந்ததும் மணி அடித்து ஊர்க்கூட்டம் போட்டார்கள். என்னை வாசல்படிக்கு வரச்சொன்னார்கள். ஊரே உட்கார்ந்திருந்தது, இசக்கியப்பன் அண்ணாச்சியும் நம் கோயில் வராந்தாவில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார். இவர்கள் தரையைப் பார்த்துக்கொண்டே வாபஸ் தாளை நீட்டி, "கையெழுத்துப் போடு" என்றார்கள். வீட்டில் அடித்திருந்தால்கூட நான் போட்டிருக்கமாட்டேன். அத்தனை பேர் முன்னால் இவர்கள் முகம் கறுத்துப்போயிருந்தது. போட்டுவிட்டேன்.

அப்போது ஒரு பெரியவர் கேட்டார், "வேற பொம்பளைப் பேரு எதுவும் கெடக்கா?"

அண்ணாச்சி சொன்னார், "மிக்கேலம்மா பேரு கெடக்கு. அது மாத்து ஆளுதான? அசலு போனா அதுவும் தானா போயிரும்."

"அது அரை வரியில்லா," என்றார் இன்னொருவர். "அதும் டவுன்ல கெடக்கு. அத என்னத்துக்குக் கணக்குல சேக்கீரு?"

எல்லாரும் சிரித்தார்கள். நான் வாசல்படியில் நின்றுகொண்டிருந்தேன். ஒருவருக்காக இன்னொருவர் பெயர் போகாது என்று அந்த அதிகாரி சொன்னது எனக்குத் தெரியும். நான் வாயைத் திறக்கவில்லை.

கடைசி நாளில் கோவில்பட்டிக்கு வர எனக்குக் கால் இருந்தது, பஸ் இருந்தது. இவர்கள் அன்று தடுக்கவும் இல்லை. இதற்கு மேல் நான் எழுதவில்லை, அக்கா. நீங்கள் படித்தவர்கள்.

சந்தனமேரி


கோவில்பட்டி
14.2.1986

சந்தனமேரிக்கு,

உன் மகளை உப்புக் குறைத்துச் சாப்பிடச் சொல். காலை உயர்த்தி வைத்துப் படுக்கட்டும்.

உன் கடிதத்தை இரண்டு தடவை படித்தேன். முதல் தடவை உன்மேல் வந்த கோபத்தை எழுதினால் தபால்காரர் கை சுடும். இரண்டாம் தடவை, "அத என்னத்துக்குக் கணக்குல சேக்கீரு" என்ற இடத்தில் நின்றுவிட்டேன்.

நான் கான்வென்ட்டில் படித்த நாட்களில் மதர் சுப்பீரியர் எங்களுக்கு நிமிர்ந்து நடக்கக் கற்றுக்கொடுத்தார். எதற்காக நடக்கவேண்டும் என்று சொன்னதாக நினைவில்லை. நாளைக் காலை கழுகுமலை பஸ்ஸில் சூசைபட்டிக்குப் போகிறேன். எனக்குக் கொடுத்த சின்னம் குடை. அதைத் தனியாக விளம்பரம் செய்யவேண்டிய அவசியமில்லை, கையிலேயே இருக்கிறது.

தம்பிக்குப் பதில் எழுதிவிட்டேன். ஒரே வரி. "தவறுதலாக இருந்த பெயர் நேரில் வருகிறது."

மிக்கேலம்மாள்


மணியாச்சி
தபசுகாலம் முதல் வாரம், செவ்வாய்

அக்கா, எப்படி இருக்கிறீர்கள்? நீங்கள் ஊருக்குப் போனதிலிருந்து தகவல் இல்லை. வெயிலில் அலைகிறீர்களா? யார் சமைத்துத் தருகிறார்கள்? உங்கள் வீட்டுச் சாவியை வெயிலுகந்தம்மாளிடம் கொடுத்துவிட்டுத்தான் வந்தேன். கதவைச் சாத்தினார்களா? இங்கே ஒவ்வொரு ரயில் வரும்போதும் யாராவது ஊர்க்காரர் இறங்குகிறார்களா என்று பிளாட்பாரத்தைப் பார்க்கிறேன். இந்த ஞாயிறு ஓட்டுப்பதிவு. என் ஓட்டும் அங்கேதான் இருக்கிறது.

சந்தனமேரி


சூசைபட்டி
21.3.1986

இயேசு மரி சூசை

தங்கை சந்தனமேரிக்கு,

பேரன் பிறந்த செய்தி வந்தது. தாயும் பிள்ளையும் நலமாயிருக்க சூசையப்பரை மன்றாடினேன். நேற்று முன்தினம் அவர் திருவிழாவே முடிந்துவிட்டது, நீதான் இல்லை.

நான் ஜெயித்ததை உன் மருமகன் பேப்பரில் தேடியிருப்பார். இவ்வளவு சிறிய வெற்றியைப் பேப்பரில் போடமாட்டார்கள். ஆனால் எப்படி நடந்தது என்பது உனக்குத் தெரியவேண்டும், அதனால் இப்போது முழுதாக எழுதுகிறேன்.

நான் பயந்தபடியே கதவுகள் சாத்தப்பட்டன. முதல் நாள் நம் தெருவிலேயே. கீழத்தெருவில் ஒருத்தி கல்யாணப் பேச்சுக்குப் புறப்பட்டவள், என்னைக் கண்டதும் உள்ளே போய்த் தண்ணீர் குடித்துவிட்டுத் திரும்பி வந்தாள். நான் நிமிர்ந்துதான் நடந்தேன். ஆனால் ஓர் ஓட்டும் கிடைக்காது என்று தெரிந்துவிட்டது. மறுநாள் அதிகாலை வேறு வழியில்லை. என் வீட்டில் அந்த வசதி கிடையாது என்பதை நான் இத்தனை வருஷமாக மறந்தே போயிருந்தேன். உடங்காட்டுக்குப் போனேன். பாதிக் காட்டை அதற்குள் வெட்டியிருந்தார்கள். இருந்த மறைவில் பெண்கள் நெருக்கியடித்து உட்கார்ந்திருந்தார்கள். என்னைக் கண்டதும் எல்லாரும் எழுந்துவிட்டார்கள். எனக்கு வந்த வெட்கத்தை எழுதத் தமிழ் போதாது.

வெயிலுகந்தம்மாள் இருட்டிலிருந்து சொன்னாள், "யம்மா, ஒங்க கொடைய விரிச்சு அங்கன வையுங்க. ரோட்டுப் பக்கம் மறைக்கட்டும்."

வைத்தேன். அதற்கப்புறம் தினமும் அந்தக் குடையை ரோட்டுப் பக்கம் வைத்தோம். வேறு பிரசாரம் நான் செய்யவில்லை. வாசல்களுக்கும் போகவில்லை. முழங்கால் மடங்காத எனக்குக் கை கொடுத்துத் தூக்கிவிட்டவள் செண்பகவல்லி.

ஓட்டுப்பதிவு அன்று, சின்னம் என்பதால் சாவடிக்குள் குடை வரக்கூடாது என்றார் அதிகாரி. வெயிலில் முக்காட்டோடு நின்றேன். பெண்கள் வரிசையில் நீ நின்றதையும் பார்த்தேன். எந்த ரயிலில் வந்தாய், யாரிடம் சொல்லிவிட்டு வந்தாய் என்று எனக்குத் தெரியாது. நீ என்னைப் பார்க்கவில்லை, கிறிஸ்துராஜையும் பார்க்கவில்லை. ஓட்டுப் போட்டதும் பஸ்ஸைப் பிடித்துவிட்டாய். எந்தச் சின்னத்தில் குத்தினாய் என்று நான் கேட்கவில்லை. கேட்கவும் மாட்டேன்.

முதல் கூட்டம் போன வாரம் நடந்தது. இசக்கியப்பன் தலைவர். நான் ஒருத்திதான் பெண். மீதிக் காட்டை வெட்டுவதைப் பற்றி அவர் பேச ஆரம்பித்ததும் எழுந்தேன். வீட்டில் பத்துத் தடவை சொல்லிப் பார்த்த வாக்கியங்களெல்லாம் மறந்துவிட்டன. "பெண்கள் வெளிக்குப் போக இடமில்லை. இடம் கட்டித் தரும்வரை அந்தக் காட்டில் கத்தி வைக்கக்கூடாது" என்றேன். ஒருவரும் தலை நிமிரவில்லை. கிளார்க் வேணுகோபால் பேனாவைப் பிடித்துக்கொண்டு, "சுகாதார வசதி கோருதல்னு எழுதிக்கிடட்டுமாம்மா?" என்றார்.

"நான் சொன்னபடியே எழுதும்" என்றேன்.

எழுதினார். தலைவர் வெகுநேரம் தொண்டையைக் கனைத்தார். கடைசியில் வெட்டை நிறுத்திவைக்க ஒத்துக்கொண்டார். கட்டித் தருவதைப் பற்றி அடுத்த கூட்டத்தில் பார்க்கலாமாம். அடுத்த கூட்டத்துக்கும் நான் போவேன் என்று அவருக்கு இன்னும் உறைக்கவில்லை. கோவில்பட்டி வீட்டைக் காலி செய்துவிட்டேன்.

நேற்றுக் கிறிஸ்துராஜ் வந்தார். தேர்தலுக்குப் பின் முதல் தடவை. வாசலிலேயே நின்றார். உட்காரச் சொன்னேன், உட்காரவில்லை.

"மதினி, அவள வரச்சொல்லி நாலு கடுதாசி போட்டுட்டேன். பதிலே இல்ல. பேறுகாலம் முடிஞ்சும் வரமாட்டேங்கா. நீங்க எழுதினா வருவா."

"என்ன எழுத?" என்றேன்.

"கையெழுத்துப் போடச் சொன்னது தப்புன்னு எழுதுங்க" என்று சொல்லிவிட்டு விறுவிறென்று போய்விட்டார். எழுதிவிட்டேன். வருவதும் வராததும் உன் விருப்பம்.

வருவதானால் ஞாயிற்றுக்கிழமை பூசைக்கு வந்துவிடு. திருவிழா வரி வாங்க வந்தவர்களிடம் நாங்கள் அரை வரிக்காரிகள் எல்லாரும் முழு வரி கொடுத்திருக்கிறோம். இன்னும் யாருக்கும் பாதி திரும்பி வரவில்லை. பூசை முடிந்ததும் ஊர்க்கூட்டத்துக்கு மணி அடிப்பார்கள். வராந்தாவில் விரிக்க நான் ஒரு பெரிய பாய் வாங்கியிருக்கிறேன். உனக்கும் இடம் இருக்கும்.

அக்கா,
மிக்கேலம்மாள்